40 கணினி உள்ள அலுவலகத்துக்கு எந்த ரிமோட் டெஸ்க்டாப் மென்பொருள் சரிப்படும்?

பாதிப் பேர் வீட்டிலிருந்து வேலை செய்ய வேண்டும், மற்றவர்களுக்குக் கோளாறு வந்தால் ஐடி ஆள் தன் இடத்தில் உட்கார்ந்தபடியே பார்க்க வேண்டும், இரண்டுக்கும் ஒரே மென்பொருளாக எதை வாங்கலாம் என்று கேட்டிருக்கிறீர்கள். பல வருடமாக அலுவலக நெட்வொர்க்குகளைக் கட்டி மேய்க்கிறவன் நான். அந்த 'ஒரே' என்ற சொல்தான் இடிக்கிறது.

நாம் தொலைவிலிருந்து நுழையப்போகும் கணினியின் முன்னால் ஆள் இருக்கிறாரா, நாற்காலி காலியா? இதை வைத்துத்தான் பிரிக்க வேண்டும்.

நாற்காலி காலி என்றால், அதாவது ஊழியர் வீட்டிலிருந்து தன் அலுவலகக் கணினிக்குள் நுழைகிறார் என்றால், விண்டோஸிலேயே இருக்கும் ரிமோட் டெஸ்க்டாப் வசதியான ஆர்.டி.பி. போதும். காசு கொடுத்து எதுவும் வாங்காதீர்கள். அலுவலகக் கணினியில் விண்டோஸ் ப்ரோ இருக்க வேண்டும், அவ்வளவுதான். ஹோம் பதிப்பிலிருந்து வெளியே இணையலாம், அதற்குள் இணைய முடியாது. உள்ளே நுழைந்ததும் அலுவலகத்தில் இருக்கும் திரை பூட்டிக்கொள்ளும். சம்பளக் கணக்குப் போடுபவரின் திரையைப் போகிற வருகிறவர்கள் நின்று வேடிக்கை பார்க்க முடியாது.

அந்தப் பூட்டுதான் ஐடி உதவிக்கு இடைஞ்சல். பயனரின் திரையை அவரோடு சேர்ந்து பார்க்க வேண்டிய நேரத்தில் அவரையே வெளியே தள்ளிவிடும். அந்த வேலைக்குத் திரையை அப்படியே பகிரும் வகை வேண்டும். இதில் மூத்தது வி.என்.சி. பழைய முறையில் அதன் கடவுச்சொல்லில் முதல் 8 எழுத்து மட்டும்தான் கணக்கு. ஒரு அலுவலகத்தில் 14 எழுத்துக் கடவுச்சொல்லைப் பெருமையாகக் காட்டினார்கள். முதல் எட்டைத் தட்டி என்டர் அழுத்தினேன், திறந்துகொண்டது. டீம்வியூவர், எனிடெஸ்க் இரண்டும் வேலையைச் சுத்தமாகச் செய்யும். ஆனால் இலவசம் என்பது சொந்த உபயோகத்துக்கு மட்டும். அலுவலகத்தில் ஓட்டினால் மோப்பம் பிடித்து இணைப்பைத் துண்டிக்கும், அதுவும் அவசரத்தில் இருக்கும்போது. இரு கணினிகளையும் இணைத்துவைக்கும் சர்வரைத் தானே பராமரிக்கத் தெம்பு இருப்பவர்களுக்கு ரஸ்ட்டெஸ்க் இருக்கிறது, சர்வரையும் நம் இடத்திலேயே வைத்துக்கொள்ளலாம்.

எதைச் சோதித்தாலும் விளம்பரத்தில் போட்ட வசதிப் பட்டியலைப் பார்க்காதீர்கள். அட்மின் உரிமை இல்லாத ஒரு பயனரின் கணினியில் நுழைந்து ஒரு பிரிண்டர் டிரைவரைப் போட்டுப் பாருங்கள். தொலைபேசியில் பயனருக்கும் ஐடி ஆளுக்கும் இப்படித்தான் பேச்சு நடக்கும்:

"சார், ஏதோ பாஸ்வேர்ட் கேக்குது."

"எனக்கு ஒண்ணும் வரலையே, கறுப்பா இருக்கு."

"நான் எதையாவது அமுக்கட்டுமா?"

அனுமதி கேட்கும் அந்தப் பெட்டியை விண்டோஸ் தனியான பாதுகாப்புத் திரையில் காட்டுகிறது. பயனர் அந்த நிமிடம் டவுன்லோடு செய்து திறந்த மென்பொருளுக்கு அந்தத் திரை எட்டாது. விண்டோஸோடு சேர்ந்தே பின்னணியில் ஓடும் சர்வீஸாக நிறுவியிருந்தால் எட்டும். இதைத் தெரிந்துகொள்ளாமல் அட்மின் கடவுச்சொல்லைத் தொலைபேசியில் எழுத்தெழுத்தாகச் சொன்ன ஆட்களை நான் பார்த்திருக்கிறேன்.

இனி அமைப்பது. தொழிலுக்கு வந்த புதிதில் நான் செய்த தப்பை முதலில் சொல்லிவிடுகிறேன். ரவுட்டரில் ஆர்.டி.பி.யின் வாசலான 3389 என்ற போர்ட்டை இணையத்துக்குத் திறந்து நேராக ஒரு கணினிக்குத் திருப்பிவிட்டேன். மறுநாள் காலை விண்டோஸின் பதிவேடான ஈவன்ட் வியூவரைத் திறந்தால் 4625, 4625, 4625 என்று திரை முழுக்க ஒரே எண். உள்நுழைய முயன்று தோற்றதற்கான குறியீடு அது. அட்மினிஸ்ட்ரேட்டர், அட்மின், டெஸ்ட் என்று பெயரை மாற்றி மாற்றி எவனோ ராத்திரி முழுக்கத் தட்டியிருக்கிறான். போர்ட் எண்ணை மாற்றினேன். சில நாள் அமைதி, பிறகு பழைய கதை. கடவுச்சொல் பலமாக இருந்தால் போதாதா என்பீர்கள். ஆர்.டி.பி.யில் 2019 மே மாதம் வெளிப்பட்ட புளூகீப் என்ற பாதுகாப்பு ஓட்டைக்குக் கடவுச்சொல்லே தேவைப்படவில்லை. 2014லேயே ஆதரவு முடிந்துபோன விண்டோஸ் எக்ஸ்பிக்குக்கூட மைக்ரோசாஃப்ட் திருத்தம் வெளியிட்டது என்றால் பார்த்துக்கொள்ளுங்கள்.

ஆகவே முன்னால் ஒரு வி.பி.என்., அதாவது இணையத்தின் வழியே அலுவலக நெட்வொர்க்குக்குப் போகும் பூட்டிய பாதை, அதற்குள் ஆர்.டி.பி. நான் போடுவது வயர்கார்ட். சாவி இல்லாமல் வரும் பாக்கெட்டுக்கு அது பதிலே சொல்லாது, வெளியிலிருந்து தட்டுகிறவனுக்கு அங்கே கதவு இருப்பதே தெரியாது. வி.பி.என். முகவரிகளிலிருந்து வந்தால் மட்டும் 3389 திறக்கும்படி ஒவ்வொரு கணினியின் ஃபயர்வாலிலும் விதி போடுங்கள். திரையைக் காட்டும் முன்பே கடவுச்சொல்லைச் சரிபார்க்கும் என்.எல்.ஏ. எப்போதும் இயங்கட்டும். அதில் ஒரு தொல்லை உண்டு: கடவுச்சொல் காலாவதியான ஊழியர் ஆர்.டி.பி. வழியாக அதை மாற்ற முடியாது, வாசலிலேயே நிற்பார். காலாவதிக்கு ஒரு வாரம் முன்பே நினைவூட்டுங்கள்.

எனக்கு ஒரு முழு நாளைத் தின்ற கோளாறு வேறு. ஒரு ஊழியருக்கு வி.பி.என். பச்சையாகக் காட்டுகிறது, ஆர்.டி.பி. மட்டும் போகவில்லை. மற்ற எல்லோருக்கும் போகிறது. கடைசியில் பார்த்தால் அலுவலக நெட்வொர்க்கின் முகவரி வரிசையும் 192.168.1, அவர் வீட்டு ரவுட்டரும் 192.168.1. அலுவலகக் கணினியின் 192.168.1.20ஐத் தேடிய லேப்டாப், வீட்டுக்குள்ளேயே சுற்றிக்கொண்டிருந்தது. உங்களுக்கு 40 கணினிதான், இப்போதே 10.37.20 மாதிரி யாரும் வைக்காத வரிசைக்கு மாற்றிவிடுங்கள். நூறு ஆன பிறகு கை வைக்க மனசு வராது. கூடவே முகவரிகளைப் பகிர்ந்து கொடுக்கும் டி.எச்.சி.பி.யில் ஒவ்வொரு கணினிக்கும் முகவரியை ஒதுக்கி வையுங்கள்.

ஸ்லீப் போய்விட்ட கணினியை வேக்-ஆன்-லேன் எழுப்பும். அதற்கான பாக்கெட் சாதாரணமாக ரவுட்டரைத் தாண்டாது. எந்நேரமும் ஓடும் ஒரு சின்னக் கணினிப் பெட்டியை அலுவலகத்துக்குள் வைத்து அதிலிருந்து அனுப்புங்கள். கணினி விண்டோஸுக்கு முன்பே தொடங்கும் அமைப்பான பயாஸிலும் அந்த வசதியை இயக்க வேண்டும், 40 கணினிக்கும் ஒவ்வொன்றாகப் போய்த்தான்.

முதல் வாரம் இரண்டு பேருக்கு மட்டும் கொடுங்கள். சோதிக்கும்போது அலுவலக வைஃபையை அணைத்துவிட்டு மொபைல் ஹாட்ஸ்பாட்டில் இணையுங்கள். உள்ளே உட்கார்ந்துகொண்டு பார்த்தால் வி.பி.என். செத்துக் கிடந்தாலும் எல்லாம் ஓடுவது போலத்தான் தெரியும்.