பந்தைப் பார்க்கத் தெரிந்தவர்: எட்கர் மார்ட்டினெஸ் பற்றிச் சில கேள்விகளும் பதில்களும்

பேஸ்பால் பற்றி எது வேண்டுமானாலும் கேளுங்கள் என்று சொல்லியிருந்தேன். வந்த கேள்விகளில் பாதிக்கு மேல் ஒரே மனிதரைப் பற்றியவை. எனக்கும் அதில் சந்தோஷம்தான். 2003-ல் சியாட்டிலுக்குக் குடிவந்தேன். எட்கர் மார்ட்டினெஸ் ஆடிய கடைசி இரண்டு சீசன்களை மைதானத்தில் உட்கார்ந்து பார்த்திருக்கிறேன். அவர் பயிற்சியாளரான பிறகும் விடாமல் கவனித்து வருகிறேன். கேட்டவர்களின் பெயரைப் போடவில்லை, கேள்விகளை மட்டும் சுருக்கித் தந்திருக்கிறேன்.

எனக்கு கிரிக்கெட் மட்டும்தான் தெரியும். யார் இவர்? ஒரு பத்தியில் சொல்ல முடியுமா அண்ணா?

சொல்கிறேன் தம்பி. 1963-ல் நியூயார்க்கில் பிறந்தவர், வளர்ந்தது புவேர்ட்டோ ரிக்கோவில் டொராடோ என்ற ஊரில், தாத்தா பாட்டி வீட்டில். 1987 முதல் 2004 வரை 18 சீசன்கள், எல்லாமே சியாட்டில் மெரினர்ஸ் என்ற ஒரே அணிக்கு. 2,247 ஹிட் (அடித்துவிட்டு பத்திரமாக ஒரு பேஸுக்காவது, அதாவது ஓடிச் சேர வேண்டிய நான்கு முனைகளில் ஒன்றுக்காவது, போய்ச் சேர்வது), 309 ஹோம் ரன் (பந்தை மைதானத்துக்கு வெளியே அடித்து நான்கையும் சுற்றி வருவது), சராசரி .312. பெரிய பேஸ்பாலின் இரண்டு லீக்குகளில் ஒன்றான அமெரிக்கன் லீக்கில் அதிக சராசரிக்கான பட்டத்தை 1992-லும் 1995-லும் வாங்கினார். 2015 முதல் 2018 வரை அதே அணிக்கு ஹிட்டிங் கோச், அதாவது அடிப்பதற்கான பயிற்சியாளர். 2019-ல், மிகச் சிறந்த ஆட்டக்காரர்களைக் கௌரவிக்கும் ஹால் ஆஃப் ஃபேமில் இடம் கிடைத்தது.

அந்த .312 உங்களுக்குக் குழப்பமாக இருக்கும். கிரிக்கெட் சராசரி மாதிரி ரன் கணக்கு இல்லை இது. ஆயிரம் முறை அடிக்க முயன்றால் 312 முறை ஹிட் ஆகிறது என்று அர்த்தம். வாக் (பிட்சர், அதாவது பந்து எறிபவர், நான்கு முறை குறி தவறி எறிந்தால் அடிக்காமலே முதல் பேஸ் கிடைப்பது) வாங்கிப் போவது இந்தக் கணக்கில் வராது. மீதி 688 முறை தோல்வி. அப்படிப்பட்டவரைத்தான் ஜாம்பவான் என்கிறோம். ஹிட்டிங் கோச் என்ற வேலை எவ்வளவு கஷ்டம் என்பது இந்த எண்ணிலேயே இருக்கிறது: பத்தில் ஏழு முறை தோற்று, தலையைத் தொங்கப்போட்டு வருகிறவனோடுதான் அவர் தினமும் பேச வேண்டும்.

அவருக்குக் கண்ணில் கோளாறு இருந்தது என்கிறார்களே, நிஜமா? கண் சரியில்லாமல் எப்படி அடித்தார்?

நிஜம்தான். இரண்டு கண்ணும் ஒரே புள்ளியில் சேராத குறை. நம் பக்கம் மாறுகண் என்போம். அவருக்கு வலது கண் அவ்வப்போது விலகிப் போய்விடும். விலகிய நொடியில் பந்து எவ்வளவு தூரத்தில் வருகிறது என்ற கணிப்பே போய்விடும். பிட்சர் நிற்கும் இடத்துக்கும் அடிப்பவர் நிற்கும் ஹோம் பிளேட்டுக்கும் நடுவே 60 அடி 6 அங்குலம். மணிக்கு 95 மைல் வேகத்தில் எறிந்த பந்து ஏறக்குறைய 0.4 நொடியில் வந்துவிடும். கிரிக்கெட் மாதிரி தரையில் குத்தி வருவதில்லை, எல்லாமே காற்றில்தான். வளைவதும் இறங்குவதும் கடைசிச் சில அடிகளில்தான் கண்ணுக்குத் தெரியும். அந்த நேரத்தில் ஒரு கண் ஒத்துழைக்காவிட்டால் ஆபத்து மேலேயே வந்து விழும்.

அதற்கு அவர் செய்ததைக் கேளுங்கள். ஆட்டத்துக்கு முன்னால் நாள் தவறாமல் கண்ணுக்குப் பயிற்சி. டென்னிஸ் பந்துகளில் சின்னதாக எண் எழுதி மெஷினில் போட்டு எறியச் சொல்வார். பந்து தன்னைக் கடந்து போவதற்குள் அதில் இருக்கும் எண்ணை வாசிக்க வேண்டும். மட்டையை வீசும் வேலையே கிடையாது, பார்ப்பது மட்டும்தான்.

என் மனதில் நிற்கிற காட்சி ஒன்று. 2004-ல் ஒரு நாள் மூன்றாம் பேஸ் பக்கம் உட்கார்ந்திருந்தேன். பிளேட்டுக்கு வெளியே போன ஒரு பந்தை அவர் விட்டார். மட்டை அசையவில்லை, ஆனால் தலை மட்டும் மெதுவாகத் திரும்பி, பந்து, பின்னால் உட்கார்ந்து பிடிக்கும் கேட்சரின் கையுறைக்குள் போய்ச் சேரும் வரை அதன் பின்னாலேயே போனது. அடிக்காத பந்தை ஒருவர் அவ்வளவு அக்கறையாகப் பார்த்து நான் கண்டதில்லை. ஆட்ட வாழ்க்கையில் 1,283 வாக், 1,202 ஸ்ட்ரைக் அவுட் (மூன்று ஸ்ட்ரைக் விழுந்து ஆட்டமிழப்பது). ஸ்ட்ரைக் அவுட்டை விட வாக் அதிகம். இக்கால ஆட்டத்தில் இப்படி ஒரு கணக்கைப் பார்ப்பது அபூர்வம்.

இவ்வளவு திறமைசாலி ஏன் 27 வயதில்தான் நிரந்தர இடம் பிடித்தார்?

ஆரம்பமே தாமதம். மருந்துத் தொழிற்சாலையில் இரவு ஷிஃப்ட், பகலில் கல்லூரி என்று இருந்தவரை 1982 கடைசியில் மெரினர்ஸ் எடுத்தது. கொடுத்த பணம் 4,000 டாலர். அப்போது வயது கிட்டத்தட்ட 20. லத்தீன் நாட்டுப் பையன்களை 16, 17 வயதில் எடுக்கிற தொழிலில் இது ரொம்ப லேட். 1983-ல் பெல்லிங்ஹாம் என்ற கீழ்நிலை அணியில் முதல் சீசன், சராசரி .173, ஒரு ஹோம் ரன்கூட இல்லை. அந்த எண்ணைப் பார்த்து ஊருக்கு அனுப்பியிருந்தாலும் யாரும் குறை சொல்லியிருக்க மாட்டார்கள்.

அடுத்த வருடம் .300 தாண்டினார். பிறகு கால்கரி என்ற இன்னொரு கீழ்நிலை அணியில் வருடா வருடம் அடித்துக் குவித்தார். 1988-ல் .363 அடித்து அந்த லீக்கின் பட்டத்தையே வாங்கினார். மேலே இடம் காலியாகவில்லை, காத்திருந்தார். 1990-ல் முழு சீசன் கிடைத்ததும் .302. பின்னாளில் தடுமாறும் இளைஞர்களோடு அவர் பேசியபோது இந்த .173 அவருக்குள் இருந்திருக்கும் என்றே நினைக்கிறேன்.

1995-ல் அடித்த அந்த ஒரு டபுளை, அதாவது இரண்டாம் பேஸ் வரை போகவைக்கும் அடியைப் பற்றி சியாட்டில்காரர்கள் இன்னும் ஏன் பேசுகிறார்கள்?

ஊரின் அணி ஊரிலேயே இருக்குமா என்ற கவலை இருந்த வருடம் அது. புது மைதானத்துக்கு வரி போடலாமா என்று செப்டம்பரில் நடந்த வாக்கெடுப்பு மிகக் குறைந்த வித்தியாசத்தில் தோற்றது. அக்டோபரில் நியூயார்க் யாங்கீஸோடு ஐந்து ஆட்டத் தொடர். முதல் இரண்டிலும் மெரினர்ஸ் தோல்வி. மூன்றாவதில் வெற்றி. நான்காவதில் எட்கர் மட்டும் 7 ரன்களுக்குக் காரணம், அதில் ஒரு கிராண்ட் ஸ்லாம், அதாவது மூன்று பேஸிலும் ஆட்கள் நிற்க அடித்த ஹோம் ரன்.

அக்டோபர் 8, ஐந்தாவது ஆட்டம். ஒன்பதாவது இன்னிங்ஸில் ஆட்கள் பேஸில் நிற்க, யாங்கீஸ் பிட்சர் ஜாக் மெக்டவல் எட்கரை ஸ்ட்ரைக் அவுட் ஆக்கிவிட்டார். 11-வது இன்னிங்ஸில் யாங்கீஸ் 5-4 என முன்னால். மெரினர்ஸின் ஜோயி கோரா பேஸில், கென் கிரிஃபி ஜூனியர் பேஸில், மறுபடி அதே மெக்டவல், அதே எட்கர். இந்த முறை கடைசியில் சட்டென்று இறங்கும் ஸ்ப்ளிட்டர் பந்து, இடது கோட்டை ஒட்டி அடித்தார். கோரா வந்தார், முதல் பேஸிலிருந்து கிரிஃபியும் ஓடிவந்து பிளேட்டில் சறுக்கினார். 6-5. அந்த மாதமே மாநில சட்டமன்றம் மைதானத்துக்கு நிதி ஒதுக்கியது. 1999-ல் அது திறந்தது. அதன் பக்கத்துச் சாலைக்கு இன்று எட்கர் மார்ட்டினெஸ் டிரைவ் என்று பெயர்.

நான் இதில் பார்ப்பது வேறொன்று. இரண்டு இன்னிங்ஸ் முன்னால் தன்னை ஏமாற்றியவரிடம் திரும்பப் போகும்போது அவர் பதறவில்லை. என்ன வரும் என்று யோசித்து, அதற்காகக் காத்திருந்தார். ஒரு கோச் கற்றுத்தர வேண்டிய பாடம் முழுக்க அதில் இருக்கிறது.

ஹால் ஆஃப் ஃபேமுக்கு ஏன் பத்து வருடம் இழுத்தடித்தார்கள்?

காயங்களுக்குப் பிறகு ஃபீல்டிங் நிற்காமல் அடிக்க மட்டும் வரும் டெசிக்னேட்டட் ஹிட்டராகவே பெரும்பாலும் ஆடினார். "பாதி ஆட்டக்காரர்" என்று ஓட்டுப் போடும் பத்திரிகையாளர்கள் ஒதுக்கினார்கள். 2010-ல் 36 சதவீதம், 2014-ல் 25-க்கு இறங்கி, கடைசி வாய்ப்பான 2019-ல் 85.4. எனக்கு இது அநியாயமாகவே படுகிறது. அதே 2019-ல் சேர்ந்த மரியானோ ரிவேராவை, அதாவது ஆட்டத்தை முடித்துவைப்பதில் நிகரே இல்லாத பிட்சரை, பாதிக்கும் மேற்பட்ட முறை அடித்தவர் எட்கர். வேறென்ன சாட்சி வேண்டும்?

கோச்சாக அவர் உண்மையில் என்ன செய்தார்? கிரிக்கெட் பேட்டிங் கோச் மாதிரியா?

கொஞ்சம் மாதிரிதான், ஆனால் இங்கே தினசரி வேலை. சீசனில் 162 ஆட்டங்கள், ஏறக்குறைய ஆறு மாதம். ராத்திரி 7 மணி ஆட்டத்துக்கு மதியமே கோச் வந்துவிடுவார். முதலில் எதிரணி பிட்சர் எதை, எப்போது, எங்கே எறிகிறார் என்ற வீடியோவும் கணக்கும். அப்புறம் மைதானத்துக்கு அடியில் இருக்கும் கேஜில் (பயிற்சிக்கான வலைக் கூண்டு) ஒவ்வொருவராக வருவார்கள். கம்பத்தின் மேல் பந்தை வைத்து அடிப்பது, பக்கவாட்டிலிருந்து மெதுவாகத் தூக்கிப் போடுவதை அடிப்பது, மெஷின் பந்து. அதன் பிறகு எல்லோரும் கூடி அன்றைய பிட்சரைப் பற்றிய பேச்சு. ஆட்டம் முடிந்ததும் தோற்ற பேட்டர் மறுபடி கேஜுக்கு வந்தால் கோச்சும் கூடவே போக வேண்டும்.

எட்கர் 2015 ஜூனில், சீசன் நடுவில், பொறுப்புக்கு வந்தார். அப்போது மெரினர்ஸ் பேட்டிங் லீக்கின் அடியில் கிடந்தது. ராபின்சன் கனோ என்ற பெரிய ஆட்டக்காரர் தட்டுத்தடுமாறிக்கொண்டிருந்தார். சீசனின் பிற்பாதியில் அவர் சராசரி .331. இதை முழுக்க எட்கர் கணக்கில் எழுத மாட்டேன், கனோவுக்கு உடம்பு சரியில்லாமல் இருந்து தேறிய நேரமும் அதுதான். ஆனால் அணி முழுக்க மாற்றம் தெரிந்தது. நெல்சன் குரூஸ் அந்த நான்கு வருடங்களில் 44, 43, 39, 37 ஹோம் ரன் அடித்தார். 35 வயதைத் தாண்டிய மனிதர்!

யாருடைய ஸ்டைலையும் மாற்றி, தன்னை மாதிரி நிற்கச் சொன்னவர் இல்லை எட்கர். அவர் நிற்பதே தனி விதம். மட்டையைத் தலைக்கு மேலே உயர்த்தி, நுனியை பிட்சர் பக்கம் சாய்த்துப் பிடிப்பார். அதை இன்னொருவன் பார்த்துச் செய்தால் கை சுளுக்கும். அவரால் கொடுக்க முடிந்தது தயாரிப்பைத்தான். ஆடிய காலத்தில் லாக்கரில் ஒரு தராசு வைத்து, வந்திறங்கும் மட்டைகளை ஒவ்வொன்றாக நிறுத்துப் பார்ப்பார். மரம் ஈரத்தை உறிஞ்சினால் எடை கூடும். எடை சரியில்லாத மட்டை ஒதுக்கிவைக்கப்படும். அந்த மாதிரி ஆள் பக்கத்தில் நின்றால் இளைஞர்களுக்கும் அந்தப் பழக்கம் ஒட்டிக்கொள்ளும்.

பெரிய ஆட்டக்காரர் நல்ல கோச் ஆக மாட்டார் என்கிறார்களே?

அந்தப் பேச்சுக்கு சார்லி லாவ்தான் எப்போதும் உதாரணம். கேட்சராக ஆடி வாழ்நாள் சராசரி .255 மட்டும் வைத்திருந்தவர். ஆனால் 1970-களில் கான்சஸ் சிட்டியில் கோச்சாக இருந்து ஜார்ஜ் பிரெட் என்ற பெரிய பேட்டரை உருவாக்கினார். பிரெட் 1980-ல் .390 அடித்தார். 1984-ல் லாவ் 50 வயதில் இறந்துபோனது பெரிய இழப்பு. கஷ்டப்பட்டு அடித்தவருக்கு ஏன் அடிபடவில்லை என்பது தெரியும் என்பது வாதம்.

சரி, அதில் உண்மை இருக்கிறது. மறுபக்கம் பெரிய ஆட்டக்காரரான பாரி பாண்ட்ஸ் 2016-ல் மயாமி அணிக்குக் கோச்சாக ஒரே சீசன்தான் இருந்தார். ஆனால் அதே போல் பெரிய ஆட்டக்காரரான மார்க் மெக்வையர் 2010 முதல் ஆறு வருடம் இரண்டு அணிகளுக்கு ஹிட்டிங் கோச்சாக நீடித்தார். எட்கர் விஷயத்தில் எனக்குத் தோன்றுவது, அவர் லாவ் மாதிரியும்தான். கண் குறையோடு ஆடி ஒவ்வொரு நாளும் அதைச் சரிக்கட்டியவருக்கு எதுவும் தானாக வரவில்லை. எப்படிச் செய்கிறோம் என்று தனக்கே விளக்கிக்கொள்ள வேண்டியிருந்தது. அதனால் பிறருக்கும் விளக்க முடிந்தது.

2018-க்குப் பிறகு ஏன் விட்டார்? மறுபடி வந்தாராமே?

வருடத்தில் பாதி நாள் பெட்டியும் கையுமாக ஊர் ஊராகப் போகிற வேலை. 2018 முடிந்ததும் தினசரிப் பொறுப்பை விட்டு, அமைப்பு முழுவதற்கும் ஆலோசகரானார். 2024 ஆகஸ்டில் அணியை நடத்தும் தலைமைப் பயிற்சியாளரான மேனேஜரை மாற்றி, எட்கரோடு ஆடிய டான் வில்சனைக் கொண்டுவந்தார்கள். கேட்டதும் எட்கர் கோச் உடையில் வந்துவிட்டார். வயது 61. கடைசி 34 ஆட்டங்களில் 21 வெற்றி, ஒரே ஒரு வெற்றி குறைந்து, சீசனுக்குப் பிந்தைய பிளேஆஃப் சுற்று தவறியது. அந்தச் சில வாரங்கள் நான் தினமும் டிவி முன்னால்தான். 2025-ல் கெவின் சைட்சர் ஹிட்டிங் கோச்சாக வர, எட்கர் பேட்டிங் உத்திகளுக்கான மூத்த இயக்குநரானார். அந்த வருடம் 90 வெற்றியோடு பிரிவில் முதலிடம், அணியின் கேட்சரான கால் ராலி என்பவர் 60 ஹோம் ரன் அடித்தார். இரண்டு லீக் சாம்பியன்களும் மோதும் உலகத் தொடருக்கு ஒரு ஆட்டம் குறையத் தோற்றதை இன்னும் என்னால் சாதாரணமாகப் பேச முடியவில்லை.

என் மகளுக்கு 11 வயது சார், சாஃப்ட்பால் ஆடுகிறாள். கோச் மாதத்துக்கு ஒரு முறை அவள் நிற்கும் விதத்தை மாற்றுகிறார். குழம்பிப்போய் அழுகிறாள். என்ன செய்யலாம்?

என் மகளுக்கும் இதே நடந்தது அம்மா, அதனால் புரிகிறது. இந்த சீசன் முடியும் வரை எதையும் மாற்ற வேண்டாம் என்று கோச்சிடம் தன்மையாகக் கேளுங்கள். பெரும்பாலும் ஒத்துக்கொள்வார்கள். வீட்டில் மட்டையையே எடுக்காமல் ஒன்று செய்து பாருங்கள். ஆறு டென்னிஸ் பந்து வாங்கி, மார்க்கரால் 1 முதல் 6 வரை எழுதுங்கள், முதலில் பெரிதாக. 20 அடியில் நின்று கையைக் கீழிருந்து வீசி மெதுவாகப் போடுங்கள். அவள் எண்ணைச் சொல்லிவிட்டுப் பிடிக்கட்டும். நாங்கள் கார் நிறுத்துமிடத்தில் சாப்பாட்டுக்கு முன் பத்து நிமிடம் செய்தோம். முதல் நாள் என் மகள் எல்லாவற்றுக்கும் "மூணு" என்றாள். இரண்டாவது வாரம் எண்ணைச் சின்னதாக எழுதச் சொல்லி அவளே மார்க்கரை நீட்டினாள்.