அமெரிக்கக் கால்பந்து அணியான டாலஸ் கவ்பாய்ஸ் 90களில் வென்ற மூன்று சூப்பர் பவுலுக்கும் (சாம்பியனைத் தீர்மானிக்கும் இறுதிப் போட்டி) ஒரே தாக்குதல் பயிற்சியாளரா?

இல்லை, இருவர். 1992, 1993 சீசன்களில் நார்வ் டர்னர். 1995இல் எர்னி ஜாம்பீஸ். ஆட்டமுறை என்னவோ ஒன்றுதான். ராம்ஸ் அணியில் ஜாம்பீஸிடம் வேலை கற்றவர்தான் டர்னர்.

எறியும் பந்தைப் பிடிக்கும் வீரரான ரிசீவர் ஓடும் ஒவ்வொரு பாதைக்கும் இதில் ஓர் எண் உண்டு. 9 என்றால் நேர் ஓட்டம். 8 என்றால் ஓடிப்போய் உள்பக்கமாகக் கோல்கம்பத்தை நோக்கிச் சாய்வது. கவ்பாய்ஸ் ரிசீவர் மைக்கேல் இர்வினின் 'பேங் 8' இன்னும் குறுகலான சாய்வு. பந்தை எறியும் குவார்ட்டர்பேக் ட்ராய் எய்க்மன் பின்வாங்கிக் கடைசி அடியை ஊன்றியதும், இர்வின் திரும்பும் முன்பே பந்தை விட்டுவிடுவார். ரிசீவரின் அடிக்கணக்கு பிசகினால் பந்து எதிராளி கைக்குத்தான். பந்தைக் கையில் ஏந்தி ஓடும் எம்மிட் ஸ்மித்தின் ஓட்டத்தைத் தடுக்க, எதிரணியின் கடைசிக் காவல் வீரரான சேஃப்டி முன்னே வந்தால் நடுவில் இடம் திறக்கும்; பாதி வேலை அதிலேயே முடிந்துவிடும்.

டர்னர் 1994இல் வாஷிங்டன் அணிக்குத் தலைமைப் பயிற்சியாளராகப் போய், அவர் இடத்துக்கு ஜாம்பீஸ் வந்தபோது, எய்க்மன் புது முறை எதையும் படிக்க வேண்டியிருக்கவில்லை.