ஏன் ரெண்டு வேற வேற குணமான கூட்டாளிகள்?

தங்கச்சி, ஆண்டு ரெண்டு புள்ளைகள்ற கதைப்புத்தகத்துல ஏன் எப்பவும் எதிரெதிர் குணமான ரெண்டு கூட்டாளிகள் வாறாங்கண்டு கேட்டிருந்தீங்க. எழுத்துக் கூட்டி வாசிக்கிற புள்ளைக்கு இதைச் சொன்னது ஆரெண்டு குணத்தை வெச்சே புடிபட்டுரும், அதால அடுத்த வரியையும் ஊகிச்சிரும், வாசிப்பு தடக்குப்படாது.

அமெரிக்க எழுத்தாளர் ஆர்னல்ட் லோபல் 1970ல இங்கிலீசுல எழுதின தவளை தேரை கதைகளப் பாருங்க, தவளை உற்சாகமான ஆள், தேரை எதுக்கெடுத்தாலும் கவலப்படுற ஆள். தனக்கு ஒரு கடிதமும் வாறல்லண்டு தேரை வாசல்ல குந்தி இருக்க, தவளை ஊட்ட ஓடிப்போய்க் கடிதம் எழுதி நத்தைக்கிட்ட குடுத்துவிடும், மறுகா பொறுக்க ஏலாம தேரைக்கிட்டப் போய் அதுல என்ன எழுதினண்டும் சொல்லிரும், ஆனாலும் ரெண்டுபேரும் சந்தோசமா காத்திருப்பாங்க, நத்தை வந்துசேர நாலு நாள்!

கல்லடில எங்கட ஊட்டுத் திண்ணைல மகள் விரல வெச்சி வெச்சி வாசிச்சவ, நத்தைண்ட உடன விரல எடுத்துட்டு சிரிச்சா. அந்த எடத்தை நாந்தான் தமிழ்ல சொல்லிக்குடுத்த, ஒவ்வொரு வரியும் சின்னன்தான், நீங்களும் செய்யலாம்.