கேமைத் திறந்தால் சத்தம் மட்டும் வருகிறது, திரை கறுத்துவிடுகிறது: விண்டோஸை ஃபார்மட் செய்யத்தான் வேண்டுமா?

கேள்வி: மன்னார்குடியில் கல்லூரி மாணவன். வீட்டில் பழைய 19 அங்குலச் சதுர மானிட்டர் இருக்கிறது. அண்மையில் ஜிடிஎக்ஸ் 1050 டிஐ கிராபிக்ஸ் கார்டு ஒன்றைப் பழையதாக வாங்கி, எச்டிஎம்ஐ-விஜிஏ கன்வெர்ட்டர் வைத்து இணைத்திருக்கிறேன். டெஸ்க்டாப் நன்றாகத் தெரிகிறது. கேமைத் திறந்தால் 'அவுட் ஆஃப் ரேஞ்ச்' என்று வருகிறது. சில கேம்களில் வெறும் கறுப்பு. ஆனால் சத்தம் கேட்கிறது. கடையில் ஃபார்மட் செய்யச் சொல்கிறார்கள். செய்யலாமா?

பதில்:

வேண்டாம் தம்பி. ஃபார்மட் செய்தால் உங்கள் படங்களும் செமஸ்டர் புராஜெக்டும் போகும். 'அவுட் ஆஃப் ரேஞ்ச்' போகாது. அந்த வாசகத்தை எழுதுவது விண்டோஸும் இல்லை, கேமும் இல்லை. மானிட்டர் தானாகவே எழுதிக் காட்டுகிறது. சிக்னல் வந்துகொண்டுதான் இருக்கிறது, அதை வரையத் தன்னால் முடியவில்லை என்கிறது. அதோடு சத்தமும் கேட்கிறதென்றால் கேம் ஒழுங்காக ஓடிக்கொண்டிருக்கிறது. மெனுவில் இருக்கும்போது அம்புக்குறி விசைகளை அழுத்திப் பாருங்கள்; ஒவ்வோர் அழுத்தலுக்கும் 'டிக்' என்று ஒலி வந்தால் சந்தேகமே வேண்டாம்.

கும்பகோணத்தில் பிரவுசிங் சென்டர் நடத்திய காலத்திலிருந்தே இந்தக் கோளாறோடு வருகிறவர்களிடம் நான் முதலில் கேட்பது, கறுப்பாவதற்கு முன் மானிட்டர் என்ன சொன்னது என்பதைத்தான். பெரும்பாலோர் அதைக் கவனித்திருப்பதில்லை. 'அவுட் ஆஃப் ரேஞ்ச்' அல்லது 'இன்புட் நாட் சப்போர்ட்டட்' என்றால் சிக்னல் வருகிறது, அளவு பொருந்தவில்லை. 'நோ சிக்னல்' என்றால் கார்டிலிருந்து எதுவுமே வரவில்லை. எழுத்து எதுவும் இல்லாமல், பின்விளக்கு மட்டும் மங்கலாக எரிந்தபடி திரை கறுப்பாக இருந்தால், கறுப்புப் படமே அனுப்பப்படுகிறது. மூன்றுக்கும் வைத்தியம் வேறு. வயலுக்குத் தண்ணீர் வரவில்லை என்றால் எந்த மதகில் அடைத்திருக்கிறது என்று வாய்க்காலோடு நடந்து பார்ப்பார்கள். எடுத்த எடுப்பில் ஃபார்மட் என்பது வாய்க்காலைத் தூர்த்துவிட்டுப் புதிதாக வெட்டச் சொல்வது.

உங்கள் கதை முதல் வகை. காரணம் அனேகமாக அந்தக் கன்வெர்ட்டர்தான்.

ஒவ்வொரு மானிட்டரிலும் ஒரு சிறிய சில்லு இருக்கிறது. எந்த ரெசல்யூஷன் (படத்தின் பிக்சல் அளவு), எத்தனை ஹெர்ட்ஸ் (நொடிக்கு எத்தனை முறை படம் புதுப்பிக்கப்படுகிறது) வரை தன்னால் முடியும் என்ற பட்டியலை அது கார்டுக்குச் சொல்லும். ஈடிஐடி என்று அதற்குப் பெயர். அடிப்படைப் பகுதி வெறும் 128 பைட். விஜிஏ கேபிளில் அந்தத் தகவல் 12-ஆம், 15-ஆம் ஊசிகள் வழியாகப் போகிறது. மலிவான கன்வெர்ட்டர்கள் பல இந்தப் பட்டியலை மானிட்டரிடம் கேட்பதே இல்லை. தம்மிடமுள்ள பொதுவான பட்டியலைக் கார்டிடம் நீட்டிவிடுகின்றன. அதில் 1920×1080 கட்டாயம் இருக்கும். விண்டோஸில் நீங்கள் கையால் 1280×1024 என்று அமைத்திருப்பீர்கள், அதனால் டெஸ்க்டாப் தெரிகிறது. கேமோ முதன்முறை திறக்கும்போது பட்டியலில் உள்ள பெரிய அளவைத் தானாக எடுத்துக்கொள்கிறது. சதுர 19 அங்குல மானிட்டர்கள் பொதுவாக 1280×1024, 75 ஹெர்ட்ஸ் வரை தாங்கும். அதற்கு நொடிக்கு 13.5 கோடி பிக்சல் துடிப்புகள் வேண்டும். 1920×1080-க்கு 60 ஹெர்ட்ஸிலேயே 14.85 கோடி. மானிட்டர் கையை விரித்துவிடுகிறது.

இப்போதைக்கு வேலை ஆக வேண்டுமென்றால், கேம் ஓடிக்கொண்டிருக்கும்போதே ஆல்ட் விசையோடு என்டரை அழுத்துங்கள். பல கேம்கள் முழுத்திரையை விட்டுச் சிறு சாளரத்துக்கு வந்துவிடும். வந்ததும் அமைப்புகளில் ரெசல்யூஷனை 1280×1024 ஆக்கி, 'பார்டர்லெஸ்' என்ற வகை இருந்தால் அதையே தேர்ந்தெடுங்கள். முழுத்திரை வகையில் கேம் தானே மானிட்டரின் அளவை மாற்றப் பார்க்கும். பார்டர்லெஸ் வகையில் டெஸ்க்டாப் எந்த அளவில் இருக்கிறதோ அதற்குள்ளேயே வரையும். பழைய மானிட்டர்காரர்களுக்கு இது பெரிய நிம்மதி.

ஆல்ட்-என்டருக்கு மசியாத கேம்களுக்கு அவற்றின் அமைப்புக் கோப்பைத் திருத்த வேண்டும். 'டாக்குமென்ட்ஸ்' ஃபோல்டரில் 'மை கேம்ஸ்' என்ற ஃபோல்டரைப் பாருங்கள். அங்கே இல்லையென்றால் உங்கள் யூசர் ஃபோல்டருக்குள் மறைந்திருக்கும் 'ஆப்டேட்டா'வில் தேடுங்கள். நோட்பேடில் திறந்தால் அகலம், உயரம் இரண்டும் எண்ணாகவே எழுதியிருக்கும். மாற்றிச் சேமிக்க வேண்டியதுதான். கோப்பையே அழித்தாலும் பாதகமில்லை, கேம் புதிதாக எழுதிக்கொள்ளும். ஆனால் அப்படிப் புதிதாக எழுதும்போது மறுபடியும் 1920×1080-ஐயே எடுக்கும் என்பதால், உங்களுக்குத் திருத்துவதே நல்லது. கேம்களை இணையத்தில் வாங்கி ஆடும் ஸ்டீமில் இன்னொரு சிக்கல் உண்டு: சில கேம்களின் அமைப்புகளை அது இணையத்திலும் சேமித்து வைக்கும். நீங்கள் திருத்திய கோப்பின்மேல் பழையது திரும்ப வந்து உட்கார்ந்துகொள்ளும். அந்தக் கேமுக்கு மட்டும் கிளவுட் சேமிப்பை நிறுத்திவிட்டுத் திருத்துங்கள்.

நிரந்தரத் தீர்வு இதைவிடச் சுலபம். மானிட்டரின் பின்புறம் குனிந்து பாருங்கள். விஜிஏ துளைக்குப் பக்கத்தில் வெள்ளை நிறத்தில் அகலமாக ஒரு டிவிஐ துளை இருக்கிறதா? சதுர மானிட்டர்கள் பலவற்றில் இருக்கும். யாரும் பயன்படுத்தாததால் தூசு மூடிக் கிடக்கும். இருந்தால் கன்வெர்ட்டரைத் தூக்கிப் போடுங்கள். 1050 டிஐ கார்டுகள் பலவற்றில் டிவிஐ துளை உண்டு. இல்லாவிட்டாலும் எச்டிஎம்ஐ-டிவிஐ கேபிள் போதும். இரண்டும் ஒரே வகை டிஜிட்டல் சிக்னல் என்பதால் நடுவில் மாற்றுவதற்கு ஒன்றுமில்லை, மானிட்டரின் பட்டியலும் நேராகக் கார்டுக்குப் போய்ச் சேரும். விஜிஏ மட்டும்தான் இருக்கிறதென்றால் யுஎஸ்பி மின்வால் உள்ள நல்ல கன்வெர்ட்டராகப் பார்த்து வாங்குங்கள். எச்டிஎம்ஐ துளை உறுதியாகத் தருவது 55 மில்லியாம்பியர்தான். அதைக் கொண்டே ஓடும் கன்வெர்ட்டர் சூடேறியதும் தடுமாறுவதைப் பார்த்திருக்கிறேன். என்விடியா 2016-இல் கொண்டுவந்த ஜிடிஎக்ஸ் 10 வரிசையிலேயே கார்டுகளில் விஜிஏ சிக்னலை நிறுத்திவிட்டது. ஆகவே வெறும் முனை மாற்றும் அடாப்டர் எதுவும் உங்கள் கார்டுக்கு உதவாது.

இனி எழுத்தே இல்லாத கறுப்பு. சில கேம்களில் உங்களுக்கு வருவது இதுவாக இருக்கலாம். விண்டோஸ் விசை, கன்ட்ரோல், ஷிஃப்ட் மூன்றோடும் ஆங்கிலத்தின் இரண்டாம் எழுத்தைச் சேர்த்து அழுத்தினால் திரை ஒரு முறை சிமிட்டி, கிராபிக்ஸ் டிரைவர், அதாவது விண்டோஸுக்காகக் கார்டை இயக்கும் மென்பொருள், மட்டும் புதிதாகத் தொடங்கும். படம் திரும்பினால் பழுது டிரைவரில். பழைய கார்டின் டிரைவரை முழுவதும் நீக்காமல் மேலே புதியதைப் போட்டிருப்பீர்கள். டிஸ்ப்ளே டிரைவர் அன்இன்ஸ்டாலர் என்ற இலவச மென்பொருளை சேஃப் மோடில் ஓட்டிச் சுத்தமாக நீக்கிவிட்டு, என்விடியா தளத்திலிருந்தே இறக்கிப் போடுங்கள். திரையைப் பதிவு செய்யும் மென்பொருள், கேமின் மேலேயே எண்களையோ செய்திகளையோ காட்டும் ஓவர்லே மென்பொருள் ஏதாவது ஓடினால் அதையும் மூடிப் பாருங்கள்.

'நோ சிக்னல்' வந்தால் கதை நம் ஊர் மின்சாரத்துக்குப் போகிறது. கேம் தொடங்கியதும் கார்டு இழுக்கும் மின்சாரம் ஒரேயடியாக ஏறும். உங்கள் கார்டுக்கு 75 வாட். மதர்போர்டுத் துளை தரக்கூடியதும் 75 வாட்தான். தாராளத்துக்கு இடமில்லை. மேட்டூர் திறப்பு ஜூன் 12-ஐத் தாண்டித் தள்ளிப்போகும் ஆண்டுகளில், குறுவைக்காரர்கள் போர்வெல்லை நம்பும்போது, பம்புசெட்டுகள் ஒன்றாக ஓடும் நேரத்தில் கிராமத்து லைனில் மின்னழுத்தம் எப்படி இறங்கும் என்பது உங்களுக்கே தெரியும். யுபிஎஸ் உடனே பேட்டரிக்குத் தாவும். 600 விஏ என்று எழுதியிருக்கும் யுபிஎஸ் பொதுவாகத் தருவது 360 வாட் அளவுதான். பேட்டரி கிழடாகியிருந்தால் அதுவும் இல்லை. டெஸ்க்டாப்புக்குத் தாங்கும், கேமுக்குத் தாங்காது. மாலையில் கறுத்து, நள்ளிரவில் அதே கேம் ஓடினால் கம்ப்யூட்டரைக் குறை சொல்லாதீர்கள். ஸ்டெபிலைசரும், கேபினெட்டுக்குள் மின்சாரம் பிரித்துத் தரும் பெட்டியான எஸ்எம்பிஎஸ் தரமானதாகவும் பார்க்க வேண்டும்.

இதை ஊகமாக விடவும் வேண்டியதில்லை. விண்டோஸில் 'ஈவென்ட் வியூவர்' என்று தேடித் திறந்து, கறுத்த நேரத்தில் என்ன பதிவாகியிருக்கிறது என்று பாருங்கள். 'டிஸ்ப்ளே 4101' என்றால் கார்டு பதில் சொல்லாததால் விண்டோஸ் டிரைவரை மீட்டிருக்கிறது. இதற்கு விண்டோஸ் காத்திருக்கும் நேரம் வெறும் இரண்டு நொடி. 'கெர்னல் பவர் 41' என்றால் கம்ப்யூட்டர் முறையாக மூடாமலே நின்று மறுபடி தொடங்கியிருக்கிறது. மின்சாரத்தை முதலில் சந்தேகியுங்கள்.

கேபினெட்டை ஒரு முறை திறந்தும் பார்த்துவிடுங்கள், மின்சாரத்தை முழுவதும் துண்டித்த பிறகு. சம்பா அறுவடை நாட்களில் பறக்கும் தூசும் சுணையும் விசிறியில் அப்பி, கார்டு சூடேறி நின்றுபோகும். நாகப்பட்டினம், வேதாரண்யம் பக்கத்து உப்புக் காற்றில் இருந்து வந்த கார்டாக இருந்தால் பொன்னிற முனைகள் மங்கியிருக்கும்; பென்சில் அழிக்கும் ரப்பரால் மெதுவாகத் தேய்த்து, துகளைத் தட்டிவிட்டு மறுபடி பொருத்துங்கள். எலி கடித்த கேபிளையும் சாதாரணமாக நினைக்க வேண்டாம். அறுவடை முடிந்த வயல் எலிக்கு நம் வீடுதான் அடுத்த முகவரி.

இதைப் படிக்கும் மடிக்கணினிக்காரர்களுக்குச் சில வரிகள். இரண்டு கிராபிக்ஸ் உள்ள மடிக்கணினியில் கேம் தவறானதைப் பிடித்துக்கொள்வதுண்டு. விண்டோஸ் அமைப்புகளில் 'டிஸ்ப்ளே', அதற்குள் 'கிராபிக்ஸ்' போய் அந்தக் கேமுக்கு 'ஹை பெர்ஃபார்மன்ஸ்' கொடுங்கள். பள்ளியிலும் கல்லூரியிலும் அரசு கொடுத்த மடிக்கணினிகள் 2011 முதல் நம் பகுதியில் வீட்டுக்கு வீடு இருக்கின்றன. தனி கார்டு இல்லாத அவற்றில் புதிய கேம் திறக்க மறுத்தால் அது பழுதாக இருக்க வேண்டியதில்லை. இன்டெல் எச்டி 3000 போன்ற அந்தக் காலத்து கிராபிக்ஸ், கேம்கள் படம் வரையப் பயன்படுத்தும் விண்டோஸ் மென்பொருளான டைரக்ட்எக்ஸில் 10.1 வரைதான் போகும். 11 கேட்கும் கேம் அதில் ஓடாது. 'டிஎக்ஸ்டயாக்' கருவியின் முதல் பக்கத்தில் 12 என்று காட்டுகிறதே என்பார்கள். அது விண்டோஸில் உள்ள மென்பொருளின் எண். அடுத்த 'டிஸ்ப்ளே' பக்கத்தில் 'ஃபீச்சர் லெவல்ஸ்' என்ற வரிதான் கார்டின் உண்மையான தகுதி.

பழைய கேம்களில் கோளாறு தலைகீழ்: அவை கேட்கும் அளவு மிகச் சிறியது. என் சென்டரில் பையன்கள் வரிசையில் நின்று ஆடிய ஜிடிஏ வைஸ் சிட்டி இன்றைய கம்ப்யூட்டர்களில் 640×480 அளவைக் காணவில்லை என்று சொல்லி நின்றுவிடும். சான் ஆண்ட்ரியாஸ் 800×600 கேட்கும். 'கம்பாட்டிபிலிட்டி' பக்கத்தில் விண்டோஸ் எக்ஸ்பியைத் தேர்ந்தெடுங்கள். சான் ஆண்ட்ரியாஸுக்கு 'டாக்குமென்ட்ஸ்' ஃபோல்டரில் 'செட்' என்று முடியும் அதன் அமைப்புக் கோப்பை அழித்தாலே பெரும்பாலும் திறந்துவிடும். அதைவிடப் பழைய கேம்களுக்கு டிஜிவூடூ 2 என்ற இலவச மென்பொருள் கைகொடுக்கும். அந்தக் காலத்துக் கட்டளைகளை இன்றைய டைரக்ட்எக்ஸுக்கு மாற்றித் தரும்.

கடைசியாக ஒன்று, பழைய கார்டு வாங்கியதால் சொல்கிறேன். வேறு எதையும் தொடுவதற்கு முன் ஜிபியு-இசட் என்ற இலவசச் சிறு மென்பொருளை ஓட்டுங்கள். 1050 டிஐ என்ற பெயரில் 2010-இல் வந்த ஜிடிஎஸ் 450 போன்ற பழைய சில்லுகளைப் போலியாகப் பெயர் மாற்றி விற்பது சந்தையில் நடக்கிற வேலை. டெஸ்க்டாப் வரை நன்றாக நடித்துவிட்டு, சரியான டிரைவர் போட்டதும் அல்லது கேம் திறந்ததும் கார்டு படுத்துவிடும். அத்தகைய போலி என்விடியா கார்டுகளை அந்த மென்பொருள் கண்டுபிடித்துப் பெயருக்கு முன்னாலேயே போலி என்று எழுதிக் காட்டும். அப்படிக் காட்டினால் திரையைப் படம் எடுத்துக்கொண்டு, ஃபார்மட் செய்யச் சொன்ன கடைக்குப் போகாமல் கார்டு விற்றவரிடம் போங்கள். காட்டவில்லை என்றால் டிவிஐ கேபிளை வாங்குங்கள்.