போதைப்பொருள் சட்டமும் பெண்களும்: கேள்வி பதில்

போதைப்பொருள் பழக்கத்தில் இருக்கும் பெண்களைச் சட்டமும் மருத்துவமனை விதிகளும் எப்படி நடத்துகின்றன என்று கேட்டு வந்தவற்றில் சிலவற்றுக்கு இங்கே பதில் சொல்கிறேன். கேட்டவர்களை அடையாளம் காட்டும் விவரங்களை நீக்கிவிட்டேன்.

கேள்வி: மேடம், சட்டத்தில் ஆண், பெண் என்று பாகுபாடு இல்லையே. பிறகு ஏன் இதைத் தனியாகப் பேச வேண்டும்?

பதில்: எழுத்தில் பாகுபாடு இல்லைதான். பிடிபட்ட பிறகு நடப்பதைப் பாருங்கள். ஐ.நா.வின் போதைப்பொருள் மற்றும் குற்றத் தடுப்பு அலுவலகம் 2018-இல் வெளியிட்ட உலக அறிக்கைப்படி, உலகச் சிறைகளில் உள்ள பெண்களில் சுமார் 35 சதவீதம் பேர் போதைப்பொருள் வழக்குகளில் உள்ளே போனவர்கள். ஆண்களில் இது 19 சதவீதம். இந்தப் பெண்களில் பெரும்பாலோர் அடிமட்டத்தில் இருந்தவர்கள்: பொட்டலத்தைக் கொண்டுபோய்க் கொடுத்தவர், வீட்டில் வைத்திரு என்றதும் வைத்துக்கொண்டவர். மேலே இருப்பவன் போலீஸுக்குத் துப்புக் கொடுத்துத் தண்டனையைக் குறைத்துக்கொள்வான். இவளிடம் சொல்ல என்ன இருக்கிறது? ஜாமீனுக்குப் பணமும் இருக்காது.

சிகிச்சைப் பக்கம் போனால் கணக்கு தலைகீழ். சர்வதேச போதைப்பொருள் கட்டுப்பாட்டு வாரியத்தின் 2016 அறிக்கை சொல்வது: பயன்படுத்துவோரில் மூன்றில் ஒருவர் பெண், சிகிச்சை பெறுவோரில் ஐந்தில் ஒருவர்தான் பெண்.

கேள்வி: கர்ப்பமாக இருந்துகொண்டு போதைப்பொருள் எடுப்பவளை ஜெயிலில் போட்டால் என்ன தப்பு? வயிற்றில் இருக்கும் பிள்ளைக்காக யார் பேசுவது?

பதில்: பிள்ளைக்காகத்தான் நானும் பேசுகிறேன். நீங்கள் கேட்பதைச் செய்து பார்த்திருக்கிறார்கள். அமெரிக்காவின் சார்ல்ஸ்டன் நகரில் ஓர் அரசு மருத்துவமனை, 1989-இல் போலீஸோடு சேர்ந்து ஓர் ஏற்பாடு செய்தது. பிரசவத்துக்கு வரும் பெண்களில் சந்தேகப்பட்டவர்களின் சிறுநீரைச் சோதிப்பது, கோக்கெய்ன் இருந்தால் போலீஸிடம் சொல்வது. பிள்ளை பெற்ற கையோடு விலங்கு மாட்டி அழைத்துப் போகப்பட்டவர்கள் உண்டு. கைதானவர்களில் பெரும்பாலோர் கறுப்பினப் பெண்கள். சம்மதம் இல்லாமல், போலீஸுக்குச் சாட்சியம் சேர்ப்பதற்காக இப்படிச் சோதிப்பது அரசியலமைப்புக்கு விரோதம் என்று அமெரிக்க உச்ச நீதிமன்றம் 2001-இல் தீர்ப்பளித்தது.

அப்புறமும் டென்னசி மாநிலம் 2014-இல் ஒரு சட்டம் கொண்டுவந்தது. கர்ப்ப காலத்தில் எடுத்த போதைப்பொருளால் குழந்தை பாதிப்போடு பிறந்தால் தாய் மேல் தாக்குதல் வழக்கு. பெண்கள் என்ன செய்தார்கள்? டாக்டரிடம் போவதைத் தள்ளிப்போட்டார்கள், சிலர் மாநில எல்லை தாண்டிப் போய்ப் பெற்றுக்கொண்டார்கள். 2016-இல் அந்தச் சட்டம் நீட்டிக்கப்படாமல் காலாவதியானது.

ரத்த அழுத்தம் பார்க்காமல், ஸ்கேன் எடுக்காமல், எச்.ஐ.வி. சோதனை செய்யாமல் ஒன்பது மாதம் ஒளிந்து திரியும் தாயின் வயிற்றில் இருக்கும் பிள்ளைக்கு இதனால் என்ன பாதுகாப்பு கிடைத்தது? ஜெயில் பயத்தில் பழக்கத்தை விட்டவர்களை நான் அதிகம் பார்த்ததில்லை. ஜெயில் பயத்தில் ஆஸ்பத்திரியை விட்டவர்களை நிறையவே பார்த்திருக்கிறேன்.

கேள்வி: அக்கா, என் தங்கை ஹெராயின் எடுக்கிறாள். மூன்று மாதக் கர்ப்பம். "இன்றோடு நிறுத்திவிடுகிறேன்" என்கிறாள். அறைக்குள் வைத்துப் பார்த்துக்கொண்டால் போதுமா?

பதில்: வேண்டாம் தம்பி. அவள் மனசு நல்ல மனசுதான், வழி ஆபத்தானது. ஹெராயினைத் திடீரென்று நிறுத்தினால் வரும் உடல் பாடு கருவுக்கு ஆகாது. கரு கலையலாம், குறைப்பிரசவம் ஆகலாம். ஹெராயினுக்குப் பதிலாகக் கொடுக்கும் மெத்தடோன் அல்லது புப்ரனார்ஃபின் என்ற மாற்று மருந்தை மருத்துவர் மேற்பார்வையில் தொடர்ந்து எடுக்கச் சொல்கிறது உலக சுகாதார நிறுவனத்தின் 2014 வழிகாட்டுதல். மாதம் ஏற ஏற அவளுக்கு மருந்தளவு கூடத் தேவைப்படலாம். அதைப் பார்த்து "பழக்கம் முற்றுகிறது" என்று வீட்டில் யாரும் பேசிவிடாதீர்கள். கர்ப்பத்தில் உடம்பு மருந்தை வேகமாக வெளியேற்றுகிறது, அவ்வளவுதான். கூடவே குடியோ தூக்க மாத்திரையோ இருந்தால் அதையும் டாக்டரிடம் சொல்லுங்கள். அவற்றையும் சட்டென்று நிறுத்தக் கூடாது.

பிறந்த பிறகு குழந்தைக்குச் சில நாள் நடுக்கம், விடாத அழுகை, தூக்கமின்மை இருக்கலாம். இதற்குச் சிகிச்சை இருக்கிறது. தாயின் நெஞ்சோடு அணைத்து, வெளிச்சமும் சத்தமும் குறைந்த அறையில் வைத்துப் பாலூட்டினாலே பல குழந்தைகள் தேறிவிடுகின்றன. மாற்று மருந்தில் நிலையாக இருக்கும் தாய் தாய்ப்பால் கொடுக்கலாம், எச்.ஐ.வி. இருந்தால் மட்டும் டாக்டரைக் கேட்டுக்கொண்டு. குழந்தை சாப்பிடுகிறதா, தூங்குகிறதா, தேற்றினால் அழுகையை நிறுத்துகிறதா என்று பார்த்துக் கவனிக்கும் முறையை 2023-இல் அமெரிக்காவில் ஆய்வு செய்தார்கள். வழக்கமான முறையில் சுமார் 15 நாளில் வீடு திரும்பத் தயாரான குழந்தைகள், இதில் சுமார் 8 நாளில் தயாராகிவிட்டன. ஆனால் பல இடங்களில் சட்டம் தாயையும் பிள்ளையையும் முதல் நாளே பிரித்துவிடுகிறது. மருந்தாக இருக்க வேண்டியவளையே வெளியே அனுப்பிவிட்டு எதை வைத்துத் தேற்றுவது?

கேள்வி: பழைய ஊசியை வாங்கிக்கொண்டு புது ஊசி கொடுக்கும் திட்டம் எல்லாருக்கும் பொதுதானே? பெண்களுக்கு மட்டும் ஏன் கிடைப்பதில்லை?

பதில்: ஒரு ஜோடி ஊசி போட்டுக்கொள்வதைப் பக்கத்திலிருந்து பார்த்தால் புரியும். சரக்கு வாங்குவது அவன், கலப்பது அவன். தனக்குப் போட்டுக்கொண்டு, அதே சிரிஞ்சை ஒரு தடவை தண்ணீரில் அலசி அவள் கையில் ஏற்றுகிறான். அவள் எப்போதும் இரண்டாவது ஆள். எச்.ஐ.வி.யும் ஹெபடைட்டிஸ் சி-யும் அந்த வரிசையில்தான் வந்து சேர்கின்றன. அவளுக்கென்று தனி ஊசி வைத்துக்கொள்ளலாமே என்பீர்கள். பையில் சிரிஞ்ச் இருந்தாலே போலீஸ் அதைச் சாட்சியமாக எடுக்கும் ஊரில் யார் வைத்துக்கொள்வார்கள்? ஊசி கொடுக்கும் இடத்திலும் நிற்பவர்கள் எல்லாம் ஆண்கள். அவளை அடித்துவிட்டுப் போனவன் அந்த வரிசையிலேயே இருப்பான். கனடாவின் வான்கூவரில் 2017-இல் போதைப்பொருளை மேற்பார்வையில் எடுத்துக்கொள்ளப் பெண்களுக்கு மட்டுமான மையம் திறந்தது இதற்காகத்தான்.

கேள்வி: கட்டாய மறுவாழ்வு மையத்தில் பூட்டி வைத்தால் திருந்திவிடுவார்களா?

பதில்: இல்லை. இப்படிப்பட்ட மையங்களை மூடச் சொல்லி ஐ.நா.வின் 12 அமைப்புகள் 2012-இல் கூட்டாக அறிக்கை விட்டன. பெண்களுக்கு அங்கே பாலியல் வன்முறை என்ற அபாயமும் சேர்ந்துகொள்கிறது.

கேள்வி: கடத்தலில் பிடிபடும் பெண்களுக்கு இரக்கம் காட்டிய நாடு ஏதாவது உண்டா?

பதில்: உண்டு. கோஸ்டா ரிகாவில் சிறைக்குள் போதைப்பொருள் கொண்டுபோகும் பெண்ணுக்கு 8 முதல் 20 ஆண்டு தண்டனை இருந்தது. வறுமையில் இருப்பவர், குடும்பத்தைத் தனியாகத் தாங்குபவர் போன்றோருக்கு அதை 3 முதல் 8 ஆண்டாக 2013-இல் குறைத்தார்கள், சிறைக்கு மாற்றான தண்டனைக்கும் வழி வைத்தார்கள். கர்ப்பிணிகளுக்கும் சிறு பிள்ளைகளை வைத்திருப்பவர்களுக்கும் கூடியவரை சிறையல்லாத தண்டனை கொடுங்கள் என்று பெண் கைதிகளை நடத்தும் விதம் பற்றிய ஐ.நா.வின் பாங்காக் விதிகள் 2010-இலேயே சொல்கின்றன. எடையை மட்டும் பார்த்துத் தண்டனை போடும் சட்டத்தில் நீதிபதியின் கை கட்டப்பட்டுவிடுகிறது. பெட்டிக்குள் எத்தனை கிலோ என்பதே அவளுக்குத் தெரிந்திருக்காது.

கேள்வி: போர்ச்சுகல் மாதிரி குற்றமே இல்லை என்று அறிவித்துவிட்டால் எல்லாம் சரியாகிவிடுமா?

பதில்: போர்ச்சுகல் 2001 முதல் சொந்த உபயோகத்துக்கான சிறு அளவைக் குற்றவியல் சட்டத்திலிருந்து எடுத்துவிட்டது. பத்து நாள் தேவைக்கு மேல் போகாத அளவு என்றால் கோர்ட்டுக்குப் பதில் ஒரு குழு விசாரிக்கும், சிகிச்சைக்கு அனுப்பலாம். நல்ல தொடக்கம். ஆனால் எந்த நாட்டிலும் ஒரு தாய்க்குப் போலீஸை விடப் பெரிய பயம் பிள்ளையைப் பிடுங்கிக்கொள்வார்களோ என்பது. குழந்தைகள் நலச் சட்டத்தில், பழக்கம் இருப்பதையே கொடுமைக்குச் சமமாக வைத்திருக்கும் வரை அவள் வாய் திறக்கமாட்டாள். பிள்ளைக்குச் சாப்பாடு, தூக்கம், பள்ளிக்கூடம், பாதுகாப்பு எப்படி இருக்கிறது என்று பார்த்து முடிவெடுக்கட்டும். சிறுநீர்ச் சோதனைத் தாள் அதைச் சொல்லாது.

கேள்வி: அக்கா, நானே எடுப்பவள். கணவர் அடிக்கிறார். காப்பகத்தில் கேட்டால் பழக்கம் இருப்பவர்களைச் சேர்ப்பதில்லை என்கிறார்கள். போலீஸுக்குப் போனால் என்னையே பிடிப்பார்கள்.

பதில்: உன் பயம் நியாயமானது தங்கச்சி. அடியிலிருந்து தப்ப முதலில் பழக்கத்தை விட்டுவிட்டு வா என்று சொல்லும் விதி தவறு, அதை மாற்றச் சொல்லித்தான் எங்களைப் போன்றவர்கள் கத்திக்கொண்டிருக்கிறோம். இப்போதைக்கு இதைச் செய். மாற்று மருந்து தரும் மருத்துவரிடம் போய்ச் சேர். "சிகிச்சையில் இருக்கிறேன்" என்று அவரிடம் கடிதம் வாங்கிக்கொண்டு காப்பகத்தில் மறுபடி கேள். முடியாது என்றால், சிகிச்சையில் இருப்பவரைச் சேர்க்கும் இடம் எது என்று அவர்களையே கேள். காயங்களைப் படம் எடுத்து நம்பிக்கையான ஒருவரிடம் கொடுத்து வை. போலீஸுக்குப் போகும் முன் இலவசச் சட்ட உதவி வக்கீல் ஒருவரோடு பேசு.

கிடைத்தால் நலாக்சோன் வாங்கிக் கையில் வை, கூட இருப்பவருக்குப் போடும் விதம் சொல்லிக்கொடு. ஹெராயின் மாதிரியான மருந்துகள் அளவுக்கு மீறி மூச்சு அடங்கினால் அதை மீட்பது இதுதான். கொஞ்ச நாள் எடுக்காமல் இருந்துவிட்டுத் திரும்பப் பழைய அளவை எடுக்காதே. உடம்பு பழைய தாங்குசக்தியை இழந்திருக்கும். தனியாக இருக்கும்போது எடுக்காதே.