பாக்டீராய்டீஸ் தட்டில் வளர மறுத்தால்

காற்றில்லா ஜாடியைச் சந்தேகிப்பதற்கு முன், பாக்டீரியாவை வளர்க்கும் ஊடகத்தை மாற்றுங்கள். உறைய வைத்திருந்த பாக்டீராய்டீஸ் ஃப்ராஜிலிஸை (ஆக்சிஜன் இல்லாத இடத்தில் வளரும் குடல் பாக்டீரியா) சாதாரண நியூட்ரியன்ட் அகாரில் தீற்றி, காற்றில்லா ஜாடியில் 3 நாள் வைத்தும் ஒரு காலனிகூட இல்லை என்கிறீர்கள். ஹீம் என்ற இரும்புச் சேர்மத்தைத் தரும் ஹீமின் அந்த அகாரில் கிடையாதே!

இந்தப் பேரினம் ஹீமை முழுதாகத் தானே தயாரித்துக்கொள்ளாது, வெளியிலிருந்து வாங்கித்தான், ஆற்றலுக்காக ஃப்யூமரேட்டை ஒடுக்கும் (அதாவது அதற்கு எலக்ட்ரான் கொடுக்கும்) எலக்ட்ரான் தொடரை ஓட்டுகிறது. தட்டு சில நிமிடம் காற்றில் இருந்ததால் செத்திருக்கும் என்ற உங்கள் பயம் தேவையில்லாதது, ஃப்ராஜிலிஸ் அந்த அளவுக்குத் தாங்கும் (இன்னொரு குடல் பாக்டீரியாவான ஃபீக்காலிபாக்டீரியம் என்றால் கதையே வேறு, அது நிமிடங்களில் போய்விடும்).

செய்து பார்க்க வேண்டியது:

1. ஒரே சேமிப்பிலிருந்து இரண்டு தட்டு. ஒன்று உங்கள் பழைய அகார், இன்னொன்று மில்லிலிட்டருக்கு 5 மைக்ரோகிராம் ஹீமினும் 1 மைக்ரோகிராம் வைட்டமின் கே1-உம் சேர்த்த இரத்த அகார். ஹீமின் வெறும் தண்ணீரில் கரையாது, முதலில் நீர்த்த சோடியம் ஹைட்ராக்சைடில் கரையுங்கள்.

2. இரண்டையும் ஒரே ஜாடியில், ரெசசூரின் காட்டியோடு (ஆக்சிஜன் இருந்தால் இளஞ்சிவப்பு, போய்விட்டால் நிறமற்றது), 37 டிகிரியில் 48 மணி நேரம். அதுவரை திறக்காதீர்கள். காட்டி இளஞ்சிவப்பாகவே நின்றால், சரி, அப்போது ஜாடியைத் திட்டலாம்.

அப்புறம், காலனி வந்த சந்தோஷத்தில் அதுதான் பாக்டீராய்டீஸ் என்று எழுதிவிடாதீர்கள். காற்றில் வளரும் ஈ.கோலை பாக்டீரியா காற்றில்லாமலும் நன்றாக வளரும், பாக்டீராய்டீஸோ காற்றில் வளராது, அதனால் அதே காலனியை வெளிக்காற்றிலும் ஒரு தட்டில் தீற்றுங்கள். அங்கேயும் வளர்ந்தால் அது மாசு.