பிராங்கோ பாவரின் எளிமை

அன்புள்ள ஐயா,

குரோஷிய இயக்குநர் பிராங்கோ பாவரைப் பற்றி நீங்கள் எழுதியதைப் படித்துவிட்டு ‘திரும்பிப் பார்க்காதே மகனே’ பார்த்தேன். விறுவிறுப்பாகத்தான் இருந்தது. ஆனால் தப்பித்தல், துரத்தல், கண்ணீர் என்று பழைய ஹாலிவுட் படம் மாதிரியே போகிறது. அதே யூகோஸ்லாவியாவில் அறுபதுகளில் வந்தவர்கள் சினிமா மொழியையே மாற்றினார்கள். அவர்களை விட்டுவிட்டு இவரை ஏன் இவ்வளவு கொண்டாடுகிறீர்கள்?

எஸ்., திருச்சி

அன்புள்ள எஸ்.,

இயக்குநரின் தனிப்பார்வைதான் சினிமா என்ற எண்ணம் அங்கே வலுத்தபோது பாவர் பழைய ஆளாகிப்போனார். 1967க்குப் பிறகு எட்டு வருடம் அவருடைய திரைப்படம் எதுவும் வரவில்லை. எனக்கு அது பெரிய அநியாயமாகவே படுகிறது.

நீங்கள் பார்த்த படத்தையே எடுத்துக்கொள்வோம். 1956இல் வந்தது. கதை நடப்பது இரண்டாம் உலகப் போர்க் காலத்தில். யாசெனோவாட்ஸ் வதைமுகாமுக்குப் போகும் ரயிலிலிருந்து குதித்துத் தப்பும் நெவன், மகனை அழைத்துக்கொண்டு நாஜிகளை எதிர்த்துப் போராடிய பார்ட்டிசான் கெரில்லாக்களிடம் போய்விடலாம் என்று குரோஷியத் தலைநகர் ஸாக்ரெப் வருகிறான். மகனோ, நாஜிகளின் துணையோடு அப்போது குரோஷியாவை ஆண்ட உஸ்தாஷாக்களின் விடுதிப் பள்ளியில் வளர்கிறான். யாரை வெறுக்க வேண்டும் என்று அவனுக்கு அங்கே சொல்லிக்கொடுத்திருக்கிறார்களோ, அந்தக் கூட்டத்தில் ஒருவன்தான் அவன் அப்பா. ஊரிடமிருந்து ஒளிவது போதாதென்று, கையைப் பிடித்துக்கொண்டு கூடவே நடக்கும் பிள்ளையிடமிருந்தும் அவன் ஒளிய வேண்டியிருக்கிறது. நீங்கள் துரத்தல் என்று சொல்வதன் அடியில் இதுதான் ஓடுகிறது. பையன் வாய்தவறி ஒரு வார்த்தை சொன்னாலும் எல்லாம் முடிந்துவிடும். இந்த இடத்தில் கேமரா தன் சாமர்த்தியத்தைக் காட்டியிருந்தால் நாம் அந்தப் பையனின் முகத்தைப் பார்த்திருக்க மாட்டோம். பாவர் ஒதுங்கி நிற்கிறார். அப்படி நிற்பதற்குப் பெரிய தன்னம்பிக்கை வேண்டும்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். 1921இல் துப்ரோவ்னிக்கில் பிறந்த பாவர், உஸ்தாஷா ஆட்சியின்போது ஸாக்ரெப்பில் இருந்தார். அவரும் அவர் தந்தையும் ஒரு யூதப் பெண்ணைத் தங்கள் வீட்டில் மறைத்துவைத்துக் காப்பாற்றினார்கள். யூதர்களைக் காத்த பிற இனத்தவர்களுக்கு இஸ்ரேலின் யாத் வஷேம் அமைப்பு வழங்கும் கௌரவம் இருவருக்கும் பின்னாளில் கிடைத்தது. படம் அந்த அனுபவத்திலிருந்து நேராக வந்தது என்று நான் சொல்லவில்லை. ஆனால் ஒரு நகரம் பயத்தில் எப்படி வாழும் என்பது அவருக்கு யாரும் சொல்லித் தெரிய வேண்டியதில்லை.

சரி, துரத்தலும் கண்ணீரும்தான் உங்களுக்குத் தடை என்றால் 1963இல் வந்த ‘நேருக்கு நேர்’ பாருங்கள். அதில் இரண்டும் கிடையாது. ஒரு கட்டுமான நிறுவனம், அதில் ஒரு கம்யூனிஸ்ட் கட்சிக் கூட்டம். மேலதிகாரியைக் குறைசொல்லி மொட்டைக் கடிதம் எழுதியதாக ஒரு தொழிலாளியின் மேல் பழி. அவனைக் கட்சியிலிருந்து நீக்க வேண்டும், அவ்வளவுதான் நிகழ்ச்சிநிரல். கை தூக்கிவிட்டு வீட்டுக்குப் போகலாம் என்று வந்தவர்கள் மெல்ல மெல்லப் பேசத் தொடங்குகிறார்கள். ஒரே கட்சி ஆண்ட நாட்டில், அந்தக் கட்சியின் கூட்டத்தையே கதையாக எடுத்தார். அந்த வருடம் யூகோஸ்லாவியப் படங்களுக்கான பூலா திரைப்பட விழாவில் சிறந்த படத்துக்கான பரிசும் அதற்கே. அறுபதுகளின் புதியவர்களை நானும் விரும்பிப் பார்ப்பவன்தான். ஆனால் அரசியலைத் திரையில் வெளிப்படையாகப் பேசும் துணிச்சலில், பழைய ஆள் என்று ஒதுக்கப்பட்ட இவர் அவர்களில் பலருக்கு முன்னாலேயே நிற்கிறார்.

அப்புறம், 1959இல் எடுத்த ‘மூன்று அன்னாக்கள்’ கிடைத்தால் விடாதீர்கள். அதிலும் ஓர் அப்பாதான், போரில் தொலைந்த மகளைத் தேடிப் போகிறார். பார்த்துவிட்டு எழுதுங்கள்.